வாடகைக்கு இருக்கும் நிறுவனம் கலைக்கப்பட்டால் கட்டட உரிமையாளர் என்ன செய்யலாம்? – அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

கடை, அலுவலகம், கிடங்கு என ஏதோ ஓர் இடத்தை ஒரு தனியார் நிறுவனத்துக்கு வாடகைக்கு விட்டிருக்கிறீர்கள். சில மாதங்களாக வாடகை வரவில்லை. பிறகு ஒரு நாள் அந்த நிறுவனம் கலைப்புக்கு, அதாவது சொத்துகளை விற்றுக் கடன்களைத் தீர்த்து நிறுவனத்தை மூடும் நடவடிக்கைக்கு, போய்விட்டதாக ஒரு கடிதம் வருகிறது. அந்த நிலையில் உரிமையாளர்கள் கேட்கும் கேள்விகளுக்கான பதில்கள் இவை. இந்தியாவில் நடைமுறையில் உள்ள 2016ஆம் ஆண்டின் நொடிப்பு மற்றும் திவால் சட்டத் தொகுப்பையும், அதன் கீழ் வகுக்கப்பட்ட ஒழுங்குமுறைகளையும், 2024 வரையிலான முக்கியத் தீர்ப்புகளையும் அடிப்படையாகக் கொண்டு இவை எழுதப்பட்டுள்ளன. சுருக்கம் கருதி அந்தச் சட்டத் தொகுப்பை இனி ‘திவால் சட்டம்’ என்றே குறிப்பிடுகிறோம்.

நிறுவனத்தின் சொத்துகளோடு சேர்த்து என் கட்டடத்தையும் ஏலம் விட்டுவிடுவார்களா?

விட முடியாது. கலைப்பை நடத்த நியமிக்கப்படும் கலைப்பாளர் விற்றுப் பணமாக்கக்கூடிய சொத்துகளின் தொகுப்பை வரையறுக்கும் திவால் சட்டத்தின் 36ஆவது பிரிவே, எவையெல்லாம் அந்தத் தொகுப்பில் சேரக் கூடாது என்பதையும் சொல்லிவிடுகிறது. நிறுவனத்தின் கையில் இருந்தாலும் மூன்றாம் நபருக்குச் சொந்தமான சொத்துகள் அதில் சேராது என்கிறது 36(4). உரிமையை மாற்றித் தராமல் பயன்படுத்த மட்டுமே அனுமதிக்கும் ஒப்பந்தங்களின் கீழ் உள்ள சொத்துகளும் இந்த விலக்கில் வெளிப்படையாகவே குறிப்பிடப்பட்டுள்ளன. வாடகை ஒப்பந்தம் அந்த வகையைச் சேர்ந்தது.

ஆனால் கட்டடம் வேறு, அந்தக் கட்டடத்தில் இருக்கும் உரிமை வேறு. கட்டடம் உங்களுடையது, ஒப்பந்தக் காலம் முடியும்வரை அங்கே இருக்கும் உரிமை நிறுவனத்துடையது. கலைப்பாளரோடு வரும் சச்சரவுகள் பெரும்பாலும் இந்த இரண்டாவது உரிமையைப் பற்றியவையே.

திவால் நடவடிக்கை, கலைப்பு – இரண்டும் ஒன்றுதானா?

இல்லை. கடனைத் தீர்க்க முடியாத ஒரு நிறுவனம் நேராகக் கலைப்புக்குப் போய்விடுவதில்லை. முதலில் தேசிய கம்பெனி சட்டத் தீர்ப்பாயம் தீர்வு நடவடிக்கையைத் தொடங்கிவைக்கிறது. நிர்வாகம் இயக்குநர்களின் கையை விட்டு, தீர்ப்பாயம் நியமிக்கும் தீர்வு நிபுணரிடம் போகிறது. நிறுவனத்தை மீட்டெடுக்க யாராவது முன்வருகிறார்களா என்று பார்க்கிறார்கள். இதற்குச் சட்டம் தரும் காலம் 180 நாள். மேலும் 90 நாள் நீட்டிக்கலாம். வழக்குகளில் கழியும் நாட்களையும் சேர்த்து 330 நாளுக்குள் முடிய வேண்டும் என்பது ஏட்டில் உள்ள கணக்கு. நடப்பில் இது நீளுவதுண்டு. யாரும் முன்வராவிட்டால் 33ஆவது பிரிவின் கீழ் கலைப்பு ஆணை பிறக்கிறது.

ஆகவே உங்கள் கணக்குப் புத்தகத்தில் இரண்டு தேதிகளைச் சிவப்பு மையால் குறித்துக்கொள்ளுங்கள்: தீர்வு நடவடிக்கை தொடங்கிய தேதி, கலைப்பு தொடங்கிய தேதி. இந்த இரண்டும் உங்கள் வாடகைப் பாக்கியை மூன்று துண்டாக வெட்டுகின்றன. ஒவ்வொரு துண்டுக்கும் சட்டத்தில் வேறு வேறு மதிப்பு.

தீர்வு நடவடிக்கை நடக்கும்போது காலி செய்யச் சொல்ல முடியாதா?

முடியாது. 14ஆவது பிரிவின் கீழ் அறிவிக்கப்படும் தடைக்காலத்தில், நிறுவனம் குடியிருக்கும் அல்லது அதன் வசம் உள்ள சொத்தை உரிமையாளரோ குத்தகைக்கு விட்டவரோ மீட்டெடுக்கக் கூடாது என்று 14(1)(டி) நேரடியாகவே தடுக்கிறது. நிலுவையில் உள்ள வெளியேற்ற வழக்கும் அப்படியே நிற்கும். ‘குடியிருக்கும்’ என்ற சொல்லுக்கு எவ்வளவு விரிந்த பொருள் உண்டு என்பதை 2020 பிப்ரவரியில் மகாராஷ்டிர வீட்டுவசதி ஆணையம் தொடர்பான ராஜேந்திர பூட்டா வழக்கில் உச்ச நீதிமன்றம் காட்டியது. முறையான குத்தகையே இல்லாமல், கட்டுமானத்துக்காக நிலத்துக்குள் நுழைந்து வேலை செய்ய அனுமதி பெற்ற நிறுவனத்துக்கும் இந்தப் பாதுகாப்பு உண்டு என்று அது தீர்ப்பளித்தது. எனவே “ஒப்பந்தம் போன மாதமே முடிந்துவிட்டது, இனி அவர்கள் வாடகைதாரரே இல்லை” என்ற வாதம் இந்தக் கட்டத்தில் பெரிதாக உதவாது.

பூட்டுப் போடுவது, மின்சாரத்தைத் துண்டிப்பது போன்ற வேலைகளில் இறங்கவே இறங்காதீர்கள். கடன் கொடுத்தவர் ஒருவர் தெரிந்தே தடைக்காலத்தை மீறினால், அதற்கு அனுமதி தந்தவருக்கு 1 முதல் 5 ஆண்டு வரை சிறையோ, 1 லட்சம் முதல் 1 கோடி ரூபாய் வரை அபராதமோ, இரண்டுமோ விதிக்க 74(2) வழி செய்கிறது.

இங்கே ஒரு ஆதங்கத்தையும் சொல்லிவிடலாம். விமானங்களைக் குத்தகைக்கு விட்டவர்கள் இதே தடையில் சிக்கியபோது, 2023 அக்டோபர் 3 அன்று மத்திய அரசு ஓர் அறிவிக்கையின் மூலம் விமானங்களையும் விமான இன்ஜின்களையும் தடைக்காலத்திலிருந்து விலக்கிவிட்டது. கட்டட உரிமையாளருக்கு அப்படி ஒரு சலுகை கிடைக்கவில்லை.

அப்படியானால் அந்த மாதங்களுக்கு வாடகையே கிடையாதா?

உண்டு. பலருக்குத் தெரியாமல் போகும் உரிமை இது. 14(1)(டி)-யின் தடையால் உரிமை பாதிக்கப்பட்டவருக்குச் சேர வேண்டிய தொகை, தீர்வு நடவடிக்கைச் செலவின் ஒரு பகுதி என்று தீர்வு நடவடிக்கை ஒழுங்குமுறைகளின் 31ஆவது ஒழுங்குமுறை சொல்கிறது. அந்தச் செலவு, பிறகு நிறுவனம் கலைக்கப்பட்டாலும், பணப் பங்கீட்டில் முதல் படியிலேயே நிற்கிறது. தடைக்காலம் என்பது உரிமையாளரை வாசலுக்கு வெளியே நிறுத்துகிறதே தவிர, நிறுவனத்தை இலவசமாகக் குடியிருக்க விடுவதில்லை.

இந்த உரிமையைக் காப்பாற்றிக்கொள்ள மாதம் தவறாமல் தீர்வு நிபுணரின் பெயருக்கு வாடகை பில் அனுப்புங்கள். ஒவ்வொரு பில்லிலும் “தடைக்கால வாடகை, தீர்வு நடவடிக்கைச் செலவு” என்று எழுதுங்கள். “இடம் உங்களுக்குத் தேவையில்லையென்றால் உடனே ஒப்படைத்துவிடுங்கள்” என்ற ஒரு வரியையும் சேருங்கள். பணம் வராவிட்டால் 60(5)-இன் கீழ் தீர்ப்பாயத்திடமே விண்ணப்பிக்கலாம். பத்து மாதம் வாயைத் திறக்காமல் இருந்துவிட்டு, கலைப்பு ஆணைக்குப் பிறகு மொத்தக் கணக்கையும் கொண்டுபோய் நீட்டினால், “இடத்தை நாங்கள் பயன்படுத்தவே இல்லையே” என்ற பதில் வரும். அதை மறுக்க உங்கள் கையில் காகிதம் இருக்காது.

கலைப்பு ஆணை வந்ததும் தடை நீங்கிவிடுகிறதா?

14ஆவது பிரிவின் தடைக்காலம் கலைப்பு ஆணையோடு முடிகிறது. அதன் இடத்தில் 33(5) வருகிறது. நிறுவனத்துக்கு எதிராகவோ நிறுவனத்தின் சார்பிலோ புதிய வழக்கு தொடரக் கூடாது என்பது அதன் சாரம்; தீர்ப்பாயத்தின் முன் அனுமதியுடன் கலைப்பாளர் மட்டும் வழக்குத் தொடரலாம். இரண்டு பிரிவுகளையும் அருகருகே வைத்துப் படித்தால் ஒரு வேறுபாடு கண்ணில் படும். உரிமையாளர் சொத்தை மீட்டெடுக்கக் கூடாது என்று 14(1)(டி)-யில் இருந்த வாசகம் 33(5)-இல் இல்லை. நடந்துகொண்டிருக்கும் வழக்கைத் தொடரக் கூடாது என்ற சொற்களும் இல்லை.

இதை வைத்துக்கொண்டு சுத்தியலோடு போய்விடலாம் என்று பொருளல்ல. புதிதாக வெளியேற்ற வழக்குப் போட வழியில்லை. சட்டத்தைக் கையில் எடுக்கவும் உரிமையில்லை. ஆனால் கலைப்பாளரிடம் இடத்தைக் கேட்கவும், அவர் தராவிட்டால் தீர்ப்பாயத்திடம் போகவும் உங்கள் நிலை இப்போது முன்பைவிட வலுவாக இருக்கிறது.

கலைப்பாளர் எவ்வளவு காலம் இடத்தை வைத்திருக்கலாம்?

நாள் கணக்கில் ஒரு வரம்பு சட்டத்தில் இல்லை. கலைப்புப் பணியை ஓராண்டுக்குள் முடிக்க வேண்டும் என்பது கலைப்பு ஒழுங்குமுறைகள் வகுக்கும் பொதுவான இலக்கு, அதுவும் நீட்டிக்கப்படுவதுண்டு. கேட்க வேண்டிய கேள்வி வேறு: கலைப்புப் பணிக்கு இந்த இடம் தேவைதானா?

உள்ளே இயந்திரங்கள் இருக்கின்றன, அவற்றை நின்ற இடத்திலேயே காட்டி ஏலம் விட்டால்தான் விலை கிடைக்கும் என்றால், இடம் தேவைதான். கணக்கு ஏடுகள் பத்து அலமாரிகளில் இருக்கின்றன, தணிக்கை முடியவில்லை என்றால், சில வாரங்களுக்குத் தேவை. நான்கு உடைந்த நாற்காலிகளும் ஒரு நிறுவனப் பெயர்ப்பலகையும் மட்டுமே உள்ளே கிடக்கின்றன என்றால், தேவையே இல்லை.

இந்த அணுகுமுறைக்குப் பழைய கம்பெனிச் சட்டக் காலத்திலேயே உச்ச நீதிமன்றத்தின் ஆதரவு உண்டு. 1983இல் முடிவான ரவீந்திர ஈஷ்வர்தாஸ் சேத்னா வழக்கில், கலைக்கப்பட்ட நிறுவனத்தின் வாடகை இடம் கலைப்புப் பணிக்குத் தேவைப்படாத நிலையில், அதை வேறொருவர் கையில் கொடுத்து வைத்திருக்க அதிகாரபூர்வக் கலைப்பாளருக்கு உரிமையில்லை, உரிமையாளரிடம்தான் ஒப்படைக்க வேண்டும் என்று நீதிமன்றம் கூறியது. அது திவால் சட்டத்தின் கீழ் வந்த தீர்ப்பல்ல. ஆனாலும் அதன் தர்க்கம் இன்றைக்கும் பொருந்துவது. கலைப்பாளருக்கு எழுதும் கடிதத்தில் அதைக் குறிப்பிடலாம்.

இடத்தை வைத்திருக்கும் மாதங்களுக்கு வாடகை தர வேண்டும். நிறுவனத்தின் சொத்துகளைப் பாதுகாக்க ஆகும் செலவு கலைப்புச் செலவில் அடங்கும் என்பதால், பொருட்களை வைத்திருப்பதற்காக இடத்தைத் தன் வசம் வைத்துக்கொண்ட கலைப்பாளர், அதன் வாடகையை முதல் படியில் தர வேண்டியவராகிறார். இதைத் தொகையோடு எழுதிக் கேளுங்கள். மாதம் இவ்வளவு ரூபாய் கலைப்புச் செலவில் ஏறுகிறது என்று காகிதத்தில் பார்த்ததும், கடன் கொடுத்த வங்கிகளே “அந்த இடத்தை ஏன் வைத்திருக்கிறீர்கள்?” என்று கலைப்பாளரைக் கேட்கத் தொடங்கும்.

‘கைவிடுதல்’ என்கிறார்களே, அது என்ன?

விற்க முடியாத, சுமையாகிப்போன சொத்தையோ நட்டம் தரும் ஒப்பந்தத்தையோ உதறிவிட, கலைப்பு ஒழுங்குமுறைகளின் 10ஆவது ஒழுங்குமுறை கலைப்பாளருக்கு வழி தருகிறது. கலைப்பு தொடங்கியதிலிருந்து 6 மாதத்துக்குள் அவர் தீர்ப்பாயத்திடம் விண்ணப்பிக்க வேண்டும். தீர்ப்பாயம் காலத்தை நீட்டிக்கலாம். விண்ணப்பிப்பதற்குக் குறைந்தது 7 நாளுக்கு முன் உங்களைப் போன்ற தொடர்புடையவர்களுக்கு அறிவிப்புத் தர வேண்டும். கைவிட அனுமதி கிடைத்தால், அந்தத் தேதியிலிருந்து நிறுவனத்தின் குத்தகை உரிமையும் பொறுப்பும் முடிந்துவிடுகின்றன. இடம் உங்களிடம் திரும்புகிறது. அதனால் உங்களுக்கு ஏற்பட்ட இழப்பை ஒரு கடனாகக் கோரலாம். ஆனால் அது பங்கீட்டு வரிசையில் கடைசிப் படிகளில் ஒன்றான 53(1)(எஃப்)-இல்தான் நிற்கும்.

இதே ஒழுங்குமுறையில் உரிமையாளருக்கு ஒரு கருவி இருக்கிறது. “இந்தக் குத்தகையைக் கைவிடப்போகிறீர்களா?” என்று நீங்கள் எழுத்தில் கேட்கலாம். ஒரு மாதத்துக்குள் கைவிடும் எண்ணத்தை அவர் தெரிவிக்காவிட்டால், பிறகு அவர் கைவிட விண்ணப்பிக்க முடியாது. இது இருபுறமும் கூரான கத்தி. உங்களுக்கு வேண்டியது இடம்தான் என்றால், கைவிடும் வழியை நீங்களே அடைத்துவிடும் அபாயம் இதில் உண்டு. எனவே வெறும் கேள்வியாக எழுதாமல், “இடத்தை ஒப்படையுங்கள், அல்லது கைவிட விண்ணப்பியுங்கள், இரண்டும் இல்லையென்றால் இன்றிலிருந்து வாடகையைக் கலைப்புச் செலவாகத் தாருங்கள்” என்று மூன்றையும் ஒரே கடிதத்தில் வைப்பதுதான் நல்லது. எந்தப் பதில் வந்தாலும், பதிலே வராவிட்டாலும், தீர்ப்பாயத்தின் முன் உங்கள் நிலை தெளிவாக இருக்கும்.

“திவாலானால் குத்தகை தானாக முடிந்துவிடும்” என்று ஒப்பந்தத்தில் இருக்கிறது. அது போதாதா?

1882ஆம் ஆண்டின் சொத்து மாற்றச் சட்டத்தின் 111(ஜி) அப்படிப்பட்ட நிபந்தனையை அங்கீகரிக்கிறது. வாடகைதாரர் நொடித்தவராக அறிவிக்கப்பட்டால் மீண்டும் நுழையலாம் என்று ஒப்பந்தத்தில் இருந்தால், உரிமையாளர் அறிவிப்புக் கொடுத்துக் குத்தகையை முடிக்கலாம். ஆனால் திவால் சட்டத்தின் 238ஆவது பிரிவு அந்தச் சட்டத்தை மற்றச் சட்டங்களுக்கு மேலே வைக்கிறது. குஜராத் ஊர்ஜா விகாஸ் நிகம் வழக்கில் 2021 மார்ச்சில் உச்ச நீதிமன்றம், திவால் என்ற ஒரே காரணத்துக்காக ஓர் ஒப்பந்தம் முறிக்கப்படும்போது தீர்ப்பாயம் தலையிடலாம் என்றது. அதே ஆண்டு நவம்பரில் டாடா கன்சல்டன்சி சர்வீசஸ் வழக்கில், திவாலோடு தொடர்பில்லாத காரணங்களுக்காக முறிக்கப்பட்ட ஒப்பந்தத்தில் தீர்ப்பாயம் தலையிடக் கூடாது என்று எல்லையும் வகுத்தது.

இதிலிருந்து உரிமையாளர் எடுத்துக்கொள்ள வேண்டியது: வாடகை பாக்கி, அனுமதியின்றி உள்வாடகைக்கு விட்டது போன்ற காரணங்கள் இருந்தால் அறிவிப்பில் அவற்றையே முன்வையுங்கள். தீர்வு நடவடிக்கை தொடங்குவதற்கு முன்பே முறைப்படி முடிக்கப்பட்ட குத்தகைக்கு இருக்கும் வலு, பிறகு அனுப்பிய அறிவிப்புக்குக் கிடையாது.

நெடுங்காலக் குத்தகை என்றாலும் இதே பதில்தானா?

அல்ல. மாத வாடகை இடத்தின் உரிமைக்குச் சந்தையில் விலை இல்லை. ஆனால் பல பத்தாண்டுகள் மீதமுள்ள, மாற்றித்தர அனுமதிக்கும் நிலக் குத்தகைக்கு விலை உண்டு. அது நிறுவனத்தின் சொத்து. பிரசாத் மில்ஸ் கலைப்பு தொடர்பான ஜபல் லஷ்கரி வழக்கில் 2016 மார்ச்சில் உச்ச நீதிமன்றம் நில உரிமையாளர்களின் கோரிக்கையை ஏற்கவில்லை. சுமை என்று கருதிக் கைவிடும்படி கலைப்பாளரைக் கட்டாயப்படுத்த முடியாது என்ற நிலையே அங்கு எழுந்தது. தொழிற்பேட்டை மனைகளில் இந்தச் சிக்கல் அடிக்கடி வரும். அங்கே முதலில் புரட்ட வேண்டியது குத்தகைப் பத்திரத்தில் உரிமை மாற்றம் பற்றிய பத்தியை. ‘முன் அனுமதியின்றி மாற்றக் கூடாது’ என்ற சொற்கள் அதில் இருக்கின்றனவா என்று பாருங்கள்.

பழைய வாடகைப் பாக்கி எந்த வரிசையில் வரும்?

கீழே. 53ஆவது பிரிவின் பங்கீட்டு வரிசையில் முதலில் தீர்வு நடவடிக்கைச் செலவும் கலைப்புச் செலவும். அடுத்து, தொழிலாளர்களின் 24 மாத ஊதியப் பாக்கியும், சொத்தைப் பிணையாகப் பெற்றுக் கடன் கொடுத்து, அந்தப் பிணையைக் கலைப்புத் தொகுப்பில் விட்டுவிட்டவர்களின் தொகையும் சரிசமமாக. பிறகு மற்ற ஊழியர்களின் 12 மாதச் சம்பளம். பிறகு பிணையில்லாமல் பணமாகக் கொடுக்கப்பட்ட நிதிக் கடன்கள். பிறகு அரசுக்குச் சேர வேண்டியவை முதலானவை. இவை எல்லாம் தீர்ந்த பிறகுதான் ‘மீதமுள்ள கடன்கள்’ என்ற ஆறாவது படி. உங்கள் பழைய பாக்கி அங்கே நிற்கிறது. அந்தப் படிவரை பணம் வந்து சேரும் என்று நம்பி எதையும் திட்டமிடாதீர்கள். அதனால்தான் இந்தப் பக்கம் முழுவதும் பாக்கியைவிட இடத்தைத் திரும்பப் பெறுவதற்கு அதிக அழுத்தம் தருகிறோம்: காலியான இடத்தில் அடுத்த மாதமே வாடகை வரத் தொடங்கும்.

வாடகை ‘செயல்பாட்டுக் கடன்’, அதாவது பொருளுக்கோ சேவைக்கோ தர வேண்டிய கடன், ஆகுமா என்ற ஐயம் நெடுநாள் இருந்தது. ஆகாது என்று 2020 ஜனவரியில் ரவீந்திரநாத் ரெட்டி வழக்கில் கூறிய மேல்முறையீட்டுத் தீர்ப்பாயம், 2022 ஜூலையில் ஜெய்ப்பூர் டிரேட் எக்ஸ்போசென்டர் வழக்கில் ஐந்து உறுப்பினர் அமர்வாகக் கூடி அந்த நிலையை மாற்றிக்கொண்டது. எனவே தீர்வு நடவடிக்கையில் படிவம் பி, கலைப்பில் படிவம் சி என்று செயல்பாட்டுக் கடன் கொடுத்தவருக்குரிய படிவங்களிலேயே கோரிக்கையைத் தாக்கல் செய்யுங்கள். கலைப்பு தொடங்கியதிலிருந்து 30 நாள்தான் கெடு. முந்தைய கட்டத்தில் தாக்கல் செய்த கோரிக்கையைக் கலைப்பாளர் சரிபார்க்க வேண்டும் என்று 2022இல் திருத்தம் வந்துள்ளது. அதை நம்பி இருந்துவிடாமல் மறுபடியும் தாக்கல் செய்வதே பாதுகாப்பு. மூன்று ஆண்டுக்கு மேற்பட்ட பாக்கி காலாவதியானதாகத் தள்ளப்படும்.

அட்வான்ஸ் தொகையை என்ன செய்வது? ஒரு கணக்குப் போட்டுக் காட்ட முடியுமா?

மாத வாடகை 2 லட்சம், அட்வான்ஸ் 12 லட்சம் என்று வைத்துக்கொள்வோம். தீர்வு நடவடிக்கை தொடங்கும்போது 8 மாதப் பாக்கி, அதாவது 16 லட்சம். நடவடிக்கை 10 மாதம் நீள்கிறது: 20 லட்சம். கலைப்பாளர் மேலும் 5 மாதம் வைத்திருந்துவிட்டு ஒப்படைக்கிறார்: 10 லட்சம்.

முதல் 16 லட்சம் ஆறாவது படியில் நிற்கும் கடன். அடுத்த 20 லட்சமும் கடைசி 10 லட்சமும் முதல் படியில் நிற்பவை. ஆகவே 12 லட்சம் அட்வான்ஸை எந்தப் பாக்கியில் கழிப்பது என்பதே உங்களுக்கு முக்கியமான முடிவு. பழைய 16 லட்சத்தில் கழித்தால், 4 லட்சத்துக்கு மட்டும் படிவம் சி தாக்கல் செய்து, 30 லட்சத்தை முதல் படியில் கேட்கலாம். கலைப்பாளர் இதற்கு நேர்மாறாக, கடைசி மாதங்களில் கழிக்கவே விரும்புவார். அப்படிக் கழித்தால் அவர் தர வேண்டிய செலவு 12 லட்சம் குறையும், உங்கள் ஆறாவது படிக் கடன் 16 லட்சமாகவே நிற்கும்.

சட்டம் யார் பக்கம்? ஒருவருக்கொருவர் தர வேண்டியதைக் கழித்து நிகரத் தொகையைக் காணலாம் என்று கலைப்பு ஒழுங்குமுறைகளின் 29ஆவது ஒழுங்குமுறை அனுமதிக்கிறது. தீர்வு நடவடிக்கைக் கட்டத்தில் அப்படிப் பொதுவான உரிமை இல்லை என்று 2024 ஜனவரியில் பார்தி ஏர்டெல் வழக்கில் உச்ச நீதிமன்றம் கூறியது. ஆயினும் நடவடிக்கைக்கு முன்பே ஒப்பந்தப்படி செயலுக்கு வந்துவிட்ட கழிப்புக்கும், ஒரே பரிவர்த்தனையில் பின்னிக் கிடக்கும் தொகைகளுக்கும் விலக்களித்தது. “வாடகை தவறும்போதெல்லாம் அட்வான்ஸிலிருந்து எடுத்துக்கொள்ளலாம்” என்று ஒப்பந்தத்தில் இருந்து, பாக்கி விழுந்த மாதமே எழுத்தில் கழித்துக்கொண்டவருக்கு இதில் சிக்கல் இல்லை. “காலி செய்யும்போது கணக்குப் பார்த்துத் திருப்பித் தரப்படும்” என்று மட்டும் இருந்தால் வாதத்துக்கு இடம் உண்டு.

ஒப்பந்தத்தில் இன்னும் நான்கு ஆண்டு மீதம் இருக்கிறது. அதற்கும் கோரலாமா?

வாடகையாகக் கோர முடியாது. வாடகை, வட்டி போன்ற காலமுறைத் தொகைகளில் கலைப்பு தொடங்கிய தேதிவரை சேர்ந்த பாக்கியை மட்டுமே கோரலாம் என்று கலைப்பு ஒழுங்குமுறைகளின் 27ஆவது ஒழுங்குமுறை வரையறுத்துவிட்டது. குத்தகை கைவிடப்பட்டால் இழப்பீடு கோரலாம். அதிலும் உங்கள் உண்மையான இழப்பைக் காட்ட வேண்டும்.

உள்ளே இருக்கும் பொருட்களைப் பாக்கிக்காகப் பிடித்து வைத்துக்கொள்ளலாமா?

கூடாது. ஒப்பந்தத்தில் “பொருட்கள் மீது உரிமையாளருக்குப் பிடிமானம் உண்டு” என்று எழுதியிருந்தாலும், அது ஒரு நிறுவனம் உருவாக்கிய பொறுப்புரிமை (கடனுக்கு ஈடாகச் சொத்தின் மீது தரும் உரிமை) என்ற அளவில், நிறுவனப் பதிவாளரிடம் பதிவாகியிருக்க வேண்டும். பதிவாகாததைக் கலைப்பாளர் கணக்கில் எடுக்கத் தேவையில்லை என்று 2013ஆம் ஆண்டின் கம்பெனிச் சட்டம் 77(3) கூறுகிறது. வாடகை ஒப்பந்தங்களில் இந்தப் பதிவை நினைத்துப் பார்ப்பவர்கள் மிக அரிது.

தடுப்புச் சுவர், ஏசி, கண்ணாடிக் கதவு போன்று நிறுவனம் பொருத்தியவற்றை, குத்தகையில் வேறுவிதமாக இல்லையென்றால், கழற்றிக்கொண்டு போகலாம். ஆனால் இடத்தைப் பெற்ற நிலையில் விட்டுச்செல்ல வேண்டும். ஏலம் எடுத்தவரின் ஆட்கள் ஏசியைப் பிடுங்கும்போது சுவரில் விழும் ஓட்டைக்கு யார் பொறுப்பு என்பதை ஏலத்துக்கு முன்பே கலைப்பாளரிடம் எழுதி வாங்கிவிடுங்கள்.

சாவியை வாங்கும் நாளில் எதைக் கவனிக்க வேண்டும்?

கலைப்பாளரோ அவரால் எழுத்தில் அதிகாரம் பெற்றவரோ வராமல் ஷட்டரைத் திறக்காதீர்கள். திறப்பதற்கு முன் பூட்டையும் அதன் மேல் உள்ள முத்திரையையும் படமெடுங்கள். உள்ளே நுழைந்ததும் மின்மீட்டரில் ஓடியிருக்கும் எண்ணைக் குறித்துக்கொள்ளுங்கள். இணைப்பு உங்கள் பெயரில் இருந்தால் பாக்கி மின்கட்டணத்துக்கு வாரியம் உங்களிடம்தான் வரும். மிச்சமிருக்கும் ஒவ்வொரு பொருளையும் பட்டியலிட்டு இரு தரப்பும் கையெழுத்திடுங்கள். மேசை இழுப்பறையில் கிடக்கும் காசோலைப் புத்தகம், ரப்பர் ஸ்டாம்ப், ஒரு பழைய ஹார்டு டிஸ்க் உட்பட எதையும் விடாதீர்கள். ‘வெறும் குப்பை’ என்று நீங்கள் அள்ளிப்போட்ட மூட்டையில் கணக்கு ஏடு இருந்தது என்ற புகார் பிறகு வந்தால், அந்தப் பட்டியல்தான் உங்களைக் காப்பாற்றும். ஒப்படைப்புக் கடிதத்தில் “குத்தகை இன்றோடு முடிவடைகிறது, இடம் முழுமையாக ஒப்படைக்கப்பட்டது” என்ற வாசகமும் தேதியும் இருக்க வேண்டும். “நிலுவை எதுவும் இல்லை” என்ற வரி அதில் நுழைந்திருக்கிறதா என்று பார்த்து, இருந்தால் அடித்துவிட்டுக் கையெழுத்திடுங்கள்.

இயக்குநர் ஒருவர் தனிப்பட்ட முறையில் உத்தரவாதம் கொடுத்திருக்கிறார். அவரிடம் கேட்கலாமா?

கேட்கலாம். தடைக்காலம் உத்தரவாதம் அளித்தவருக்குப் பொருந்தாது என்று 14(3) சொல்கிறது. 33(5)-உம் நிறுவனத்தை மட்டுமே காக்கிறது. ஆனால் எழுத்தில் உத்தரவாதம் வேண்டும். ஒப்பந்தத்தில் நிறுவனத்துக்காகக் கையெழுத்திட்டதாலேயே இயக்குநர் பொறுப்பாளி ஆகிவிடுவதில்லை.

முன்பே வாங்கிக்கொண்ட வாடகையைக் கலைப்பாளர் திருப்பிக் கேட்பாரா?

மாதந்தோறும் வழக்கமாக வாங்கிய வாடகைக்கு அந்த அச்சம் வேண்டாம். தீர்வு நடவடிக்கைக்கு முந்தைய ஓராண்டுக்குள், பெரும் பாக்கிக்குப் பதிலாக ஜெனரேட்டரையோ வாகனத்தையோ எழுதி வாங்கியிருந்தால், கடன் கொடுத்த மற்றவர்களைவிட உங்களுக்குச் சலுகை காட்டப்பட்டதாக 43ஆவது பிரிவின் கீழ் அது கேள்விக்குள்ளாகலாம். நீங்கள் அந்த நிறுவனத்தோடு தொடர்புடையவர் என்றால் இரண்டு ஆண்டு வரை பின்னோக்கிப் பார்ப்பார்கள்.

என் கோரிக்கையைக் கலைப்பாளர் நிராகரித்தால்?

முடிவு கைக்குக் கிடைத்ததிலிருந்து 14 நாளுக்குள் 42ஆவது பிரிவின் கீழ் தீர்ப்பாயத்திடம் மேல்முறையீடு செய்ய வேண்டும். தீர்ப்பாய ஆணையை எதிர்த்து மேல்முறையீட்டுத் தீர்ப்பாயத்துக்குப் போக 30 நாள். தக்க காரணம் இருந்தால் மேலும் 15 நாள். அதற்கு மேல் மன்னிப்பு இல்லை. கடிதம் வந்த உறையைக்கூடத் தேதியோடு எடுத்து வையுங்கள்.

நிறுவனம் கலைப்புக்குப் போகாமல் வேறொருவர் வாங்கிவிட்டால்?

தீர்ப்பாயம் ஏற்ற தீர்வுத் திட்டம் அனைவரையும் கட்டுப்படுத்தும். திட்டத்தில் இடம்பெறாத பழைய கோரிக்கைகள் அழிந்துவிடும் என்பதை 2021 ஏப்ரலில் கன்ஷ்யாம் மிஸ்ரா வழக்கில் உச்ச நீதிமன்றம் உறுதிசெய்தது. குத்தகை தொடரும், பழைய பாக்கியில் திட்டம் தருவதுதான் கிடைக்கும். அதனால்தான் முதல் கட்டத்திலேயே படிவம் பி-யைத் தாக்கல் செய்வது அவசியம்.

நிறுவனம் தானாக முன்வந்து கலைத்துக்கொள்கிறது. அப்போது?

59ஆவது பிரிவின் கீழான விருப்பக் கலைப்புக்கு, எல்லாக் கடனையும் முழுமையாகத் தீர்க்க முடியும் என்று இயக்குநர்கள் உறுதிமொழி தர வேண்டும். உங்கள் முழுப் பாக்கியையும் கேட்கலாம். 30 நாள் கெடு அங்கேயும் உண்டு.

பாக்கியை வசூலிக்க நானே நிறுவனத்தைத் திவால் நடவடிக்கைக்கு இழுக்கலாமா?

தவறிய தொகை குறைந்தது 1 கோடி ரூபாய் இருக்க வேண்டும் என்பது 2020 மார்ச் 24 முதல் உள்ள வரம்பு. 10 நாள் அவகாசத்துடன் கோரிக்கை அறிவிப்பு அனுப்பி, நிறுவனம் அதற்கு முன்பே தகராறு எதுவும் எழுப்பியிருக்கவில்லை என்றால், 9ஆவது பிரிவின் கீழ் விண்ணப்பிக்கலாம். ஆனால் விண்ணப்பம் ஏற்கப்பட்ட அந்த நொடியே 14ஆவது பிரிவின் தடைக்காலம் தொடங்கிவிடும். உங்கள் கட்டடத்தின் கதவை உங்களுக்கே நீங்கள் சாத்திக்கொள்வீர்கள். முதலில் குத்தகையை முறைப்படி முடித்து, வாடகை நீதிமன்றத்திலோ உரிமையியல் நீதிமன்றத்திலோ இடத்தை மீட்டுக்கொண்டு, அதற்குப் பிறகு அந்த வழியை யோசியுங்கள்.